எடுக்காமல் விட்ட சிரிப்பு

கண்ணு,

உன் கல்யாணப் பத்திரிகை புதன்கிழமை மத்தியானம் வந்தது. தபால்காரர் வாசல் கேட் கம்பியில் செருகிவிட்டுப் போயிருந்தார். நாலு மூலையிலும் மஞ்சளைப் பார்த்ததும், யாரோ வீடியோ எடுக்கத்தான் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தேன். பிரித்தால் உன் பெயர். அதற்கு மேலே, உன் அம்மா பெயரோடு சேர்த்து என் பெயர். எங்கள் இரண்டு பேர் பெயரும் பக்கத்துப் பக்கத்தில் அச்சாகி நான் பார்த்தது ரேஷன் கார்டில்தான், அதுவும் எந்தக் காலத்திலோ. பத்திரிகையைத் திருப்பினேன். பின்பக்கம் பென்சிலால் எழுதியிருந்தாய்: "அப்பா, கண்டிப்பாக வாங்க. கேமரா மட்டும் வேண்டாம்."

கோபம் வந்தது, பொய் சொல்வானேன். பாடியிலிருந்து பூந்தமல்லி வரைக்கும் எத்தனையோ வீட்டில் தாலி கட்டுகிற நேரத்தில் மணமேடையில் முட்டி போட்டுப் படம் பிடித்தவன் நான். பெற்ற பிள்ளை கல்யாணத்துக்குக் கையை வீசிக்கொண்டு வரவேண்டுமா? பத்திரிகையை டிவி மேல் குப்புறப் போட்டுவிட்டு வேலையைப் பார்த்தேன். வேலை என்ன பெரிய வேலை. அரைப் படி சோறு வடித்து இரண்டு வேளையாகத் தின்பதும், கேசட்டுகளை வெயிலில் காயவைத்து எடுத்து வைப்பதும்தான். இந்த அம்பத்தூர் வீட்டில் ஒரு நாள் முழுக்க நான் வாய் திறந்து பேசுவது பால்காரரிடம் மட்டும். அவரும் இப்போது பாக்கெட்டை மாட்டிவிட்டுப் போய்விடுகிறார். மூன்று நாள் அந்தப் பத்திரிகையைச் சுற்றிச் சுற்றி நடந்தேன். நாலாம் நாள் எடுத்து நிமிர்த்தி வைத்தேன். கேமரா வேண்டாம் என்று நீ எழுதியதற்குக் காரணம் எனக்குத் தெரியும். ஆனால் அந்தக் கதையில் உனக்குத் தெரியாத ஒரு பாதி இருக்கிறது. உனக்கு நான் சொல்லிவைத்த ஒரு பொய் இருக்கிறது. அதைச் சொல்லாமல் உன் கல்யாணத்துக்கு வந்து, பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போக என்னால் ஆகாது. படித்துவிட்டு, வரவேண்டாம் என்று தோன்றினாலும் சொல்லிவிடு.

நான் பேய்ப்படம் எடுத்தவன் என்று ஊருக்கே தெரியும். எப்படி எடுத்தேன் என்று உனக்கு அரைகுறையாகத்தான் ஞாபகம் இருக்கும். பாடியில் கம்பெனி ஒன்றில் ஃபிட்டராகச் சேர்வதற்கு முன்னால் கொஞ்ச மாதம் கோடம்பாக்கத்தில் லைட் தூக்கிக்கொண்டிருந்தேன். அந்த நமைச்சல் விடவில்லை. வளைகுடாவிலிருந்து திரும்பிய ஒருவரிடம் வீடியோ கேமராவும், தோளில் தொங்கவிடுகிற ரெக்கார்டரும் வாங்கினேன். ஞாயிற்றுக்கிழமை கல்யாணம், மற்ற நாளில் பேய். எங்கள் பேய்ப்படம் முழுக்க முழுக்கப் பகலில் எடுத்தது என்று சொன்னால் இன்றைக்கும் ஒருத்தரும் நம்பமாட்டார்கள். எனக்கு இரண்டாவது ஷிஃப்ட். மூன்று மணிக்குக் கம்பெனி கேட்டுக்குள் இருக்க வேண்டும். அதனால் லென்ஸில் நீலக் கண்ணாடித்தாளைக் கட்டி, வானம் தெரியாமல் கேமராவைத் தாழ்த்திப் பிடித்து, உச்சி வெயிலை நிலா வெளிச்சம் ஆக்கினேன். படத்தில் நடுநிசியில் குளிரில் நடுங்குகிறவன், நிஜத்தில் வேர்த்து விறுவிறுத்து நிற்பான். வேர்வை தெரியாமல் துடைத்துவிட உன் அம்மா துண்டோடு ஓடுவாள்.

உன் அம்மா இல்லாமல் ஒரு படமும் இல்லை. இதையும் நான் அவளிடம் சொன்னதில்லை, உன்னிடம் எழுதுகிறேன். பேயின் வெள்ளைப் புடவைக்கு அவள்தான் சாயம் போக்கினாள். குங்குமத்தையும் வெல்லப்பாகையும் கலந்து ரத்தம் காய்ச்சினாள். அதில் எறும்பு மொய்த்து, கொலையுண்டவர் எழுந்து ஓடிய கதையெல்லாம் உண்டு. முந்தின வாரம் எடுத்த காட்சியில் கொண்டை இடப்பக்கமா வலப்பக்கமா என்று அவளைத்தான் கேட்பேன். டைட்டிலில் கதை, வசனம், ஒளிப்பதிவு, இயக்கம் என்று நாலு இடத்தில் என் பெயரைப் போட்டுக்கொண்டேன். அவள் பெயர் ஓர் இடத்திலும் இல்லை. அவளும் கேட்கவில்லை. நீ கட்டிக்கொள்ளப்போகிற பெண்ணும் கேட்காமல் இருக்கலாம். கேட்காததால் வேண்டாம் என்று நினைத்துவிடாதே.

இப்போது அந்தச் சிரிப்பு விஷயத்துக்கு வருகிறேன். கோடம்பாக்கத்தில் நான் கற்றுக்கொண்ட பழக்கம் அது. பிணமாக நடித்தவரை, ஷாட் முடிந்ததும் அப்படியே எழுப்பி அனுப்பமாட்டார்கள். கேமராவைப் பார்த்து ஒரு தரம் சிரிக்கச் சொல்லி, அதையும் ஓடவிட்டு எடுப்பார்கள். அந்தச் சிரிப்பு படத்தில் வராது. ஆனால் அதை எடுக்காமல் பாடையை விட்டு யாரும் இறங்கமாட்டார்கள். செத்ததாகப் பதிவான முகத்துக்கு, உயிரோடு இருப்பதாகவும் ஒரு பதிவு வேண்டுமாம். எனக்கு இதில் எல்லாம் நம்பிக்கை கிடையாது. சாமியும் இல்லை, பேயும் இல்லை என்று சொல்லிக்கொண்டே பேய்ப்படம் எடுத்த ஆள் நான். மாங்காட்டு அம்மன் கோயிலுக்கு உன் அம்மா போனால், வெளியே செருப்புக்குக் காவல் நிற்பேன். ஆனாலும் நடிக்க வந்தவர்கள் விடமாட்டார்கள். என்னோடு வேலை பார்த்த கஜேந்திரன் ஞாபகம் இருக்கிறதா? லேத்தில் நிற்பானே, தொப்பை வைத்தவன். என் எல்லாப் படத்திலும் முதலில் சாகிறவன் அவன்தான்.

"இன்னா வாத்யாரே, நான் செத்துட்டேன், ஷாட்டும் ஓகேன்ட்ட. அப்புறம் இன்னா பாத்துகினு கீற? சிரிக்க உடு. சிரிக்காம ஊட்டுக்குப் போனா எங்கம்மா என்ன உள்ள சேக்கமாட்டா" என்பான். நான் கிண்டல் செய்வேன். "நீ சிரிச்சா பேயே பயந்துரும்டா" என்பேன். அவன் கத்தி குத்தின மார்போடு, வெல்லப்பாகு வழிய, எல்லாப் பல்லும் தெரிய ஒரு சிரிப்பு சிரிப்பான் பார். அவனைப் பார்த்து சுற்றி நிற்கிற எல்லாருக்கும் சிரிப்பு வந்துவிடும். சம்மணம் போட்டு கேமரா காலடியில் உட்கார்ந்திருப்பாய் நீ. படப்பிடிப்பில் உனக்குப் பிடித்த இடமே அதுதான். பேய் வந்தாலும் கொட்டாவி விடுவாய். யாராவது செத்தால்தான் நிமிர்ந்து உட்காருவாய். "ப்பா, இப்ப சிரிப்பு, இப்ப சிரிப்பு" என்று கை தட்டுவாய். அந்தச் சிரிப்புகளை எல்லாம் தனியாக ஒரு கேசட்டில் ஏற்றி வைத்தேன். உனக்காகத்தான். மழை நாளில் அதைப் போட்டால், செத்தவர்கள் எல்லாரும் வரிசையாக வந்து சிரித்துவிட்டுப் போவார்கள். நீ விழுந்து விழுந்து சிரிப்பாய்.

உனக்கு எட்டு வயது நடக்கும்போது 'ஏரிக்கரைப் பிள்ளை' எடுத்தேன். ஏரியில் மூழ்கிய பையன் ஒருவன், தன்னைத் தேடிக்கொண்டிருக்கிற வீட்டுக்கே திரும்பத் திரும்ப வருவதுதான் கதை. பையன் வேஷத்துக்கு நீயே நடிக்கிறேன் என்றாய். அம்மாவுக்கு இஷ்டமில்லை. "எட்டு வயசுப் புள்ளயப் பொணமா படுக்க வெப்பாங்களா?" என்றாள். நீதான் அவள் முந்தானையைப் பிடித்து இழுத்து, "ம்மா, நானும் கடைசியில சிரிப்பேன்ல" என்றாய். அதைக் கேட்டபிறகுதான் அவள் சம்மதித்தாள். கடைசியில் உன் சிரிப்பும் அந்தக் கேசட்டில் சேரும் என்பதுதான் உனக்கு நான் பேசிய கூலி. குத்தம்பாக்கம் பக்கம் ஓர் ஏரிக்கரைக்குப் போனோம். அப்போது அங்கே பனைமரமும் கருவேலமும் தவிர ஒன்றும் இல்லை. மணி பன்னிரண்டு. தண்ணீரில் நனைத்து உன்னைக் கரையில் கிடத்தினேன். கஜேந்திரன் ஏரியைத் திரும்பித் திரும்பிப் பார்த்தான். உச்சிப் பொழுதில்தான் முனி நடமாடும், சீக்கிரம் முடி என்று அவசரப்படுத்தினான்.

நீ கண்ணை மூடிக் கிடந்தாய். நான் வ்யூஃபைண்டரில் பார்த்துக்கொண்டே கிட்டே வந்தேன். முதல் ஷாட் சரியாக வந்தது. ஓகே என்று சொல்ல வாயைத் திறந்தவன், உன் உதட்டைப் பார்த்துவிட்டேன். இடது ஓரத்தில் ஒரு துடிப்பு. சிரிக்கப் போகிறோம் என்கிற சந்தோஷத்தை அடக்க முடியாமல் அடக்கிக்கொண்டிருந்தாய். செத்த பிள்ளை முகம், அதில் எந்த நிமிஷமும் வந்துவிடும் என்பது போல ஒரு சிரிப்பு. என் உடம்பெல்லாம் மயிர்க்கூச்சு எடுத்தது. அதுவரைக்கும் நாலு படம் எடுத்து, பேய் முகத்தில் என்னென்னவோ பூசி வராத பயம், ஒன்றும் பூசாமல் வந்து நிற்கிறது. ரெக்கார்டரை நிறுத்தவில்லை, ஓடவிட்டேன். பேட்டரி விளக்கு சிவப்பாக மின்ன ஆரம்பித்தது. நீ கண்ணைத் திறக்காமல், உதட்டை அசைக்காமல், மெதுவாகக் கேட்டாய்.

"ப்பா, இப்ப சிரிக்கட்டா?"

"சும்மா படுடா" என்றேன்.

கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் கேட்டாய். நான் பதில் சொல்லவில்லை. பின்னாலிருந்து அம்மா, "புள்ள கேக்குறான்ல, உடுங்களேன்" என்றாள். கையைக் காட்டி அவளையும் அடக்கினேன். பேட்டரியில் கடைசியாக மிச்சமிருந்ததை எல்லாம் உன் உதட்டுக்கே செலவழித்தேன். நான் பார்த்துக்கொண்டிருந்தபோதே அந்தத் துடிப்பு நின்றுபோனது. முகம் சும்மா ஒரு முகமாக ஆனது. அப்புறம்தான் விளக்கு அணைந்தது. நீ எழுந்து உட்கார்ந்து சட்டையைப் பிழிந்தாய். சிரிப்பு எடுக்கவில்லையா என்று கேட்கவில்லை. திருமழிசைக்கு நடந்து வந்து பஸ் பிடிக்கிற வரைக்கும் அம்மா கையைத்தான் பிடித்திருந்தாய். எனக்கு அன்றைக்கு அது கண்ணில் படவே இல்லை. நல்ல ஷாட் கிடைத்த மிதப்பில் இருந்தேன்.

நாலாம் நாள் உனக்குக் காய்ச்சல் கண்டது. ஏரித் தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்றார் டாக்டர். பத்து நாள் படுத்துவிட்டாய். கஜேந்திரனும் இன்னும் நாலு பேரும் வந்து, சிரிப்பு எடுக்காததால்தான் என்று காதில் ஓதிவிட்டுப் போனார்கள். உன் அம்மா அவர்களோடு சேர்ந்துகொள்ளவில்லை. நீ தேறி, கஞ்சி குடிக்க ஆரம்பித்த அன்று, அவள் பேட்டரியைச் சார்ஜ் போட்டு, கேமராவையும் தானே தூக்கிக்கொண்டு வந்து கட்டில் பக்கத்தில் வைத்தாள். "அவன் சிரிப்ப எடுத்துருங்க" என்றாள். அவ்வளவுதான் கேட்டாள். ஒரு பொத்தானை அமுக்குகிற வேலை. நான் என்ன சொன்னேன் தெரியுமா? "நானே எடுத்தா ஊர் சொன்னது உண்மைன்னு ஆயிரும். பேய விக்கறவன் நான், வாங்கறவன் இல்ல" என்றேன். கொள்கையாம். அன்றைக்கு எனக்குப் பெருமையாக இருந்தது. வெறும் வீம்புக்குக் கொள்கை என்று பெயர் வைத்திருந்தேன், கண்ணு. நீயும் என் பிள்ளை, உனக்கும் அந்த வீம்பு இருக்கும். கல்யாணமான வீட்டில் அதை அடையாளம் கண்டுகொள். அது வரும்போது எப்போதும் நியாயமான ஆள் மாதிரிதான் வரும்.

அம்மா கேமராவை எடுத்துப் பெட்டியில் வைத்து மூடினாள். சண்டை போடவில்லை. "நீங்க பேய நம்பாததுக்கு நான் கோச்சிக்கல. நான் மட்டும் இன்னா நம்பிகினா கீறேன்? புள்ள சிரிக்கட்டான்னு கேட்டான். நீங்க வேணாம்னீங்க. அத என்னால தாங்க முடியல" என்றாள். மறுவாரம் உன்னைக் கூட்டிக்கொண்டு பூந்தமல்லியில் உன் மாமா வீட்டுக்குப் போனாள். பள்ளிக்கூடம் திறக்கிறபோது வருவாள் என்று நினைத்தேன். அங்கேயே உன்னைச் சேர்த்துவிட்டாள். நான் போய்க் கூப்பிட்டிருக்க வேண்டும். படத்தை முடித்துவிட்டுப் போகலாம் என்று இருந்தேன். படம் முடிந்ததும், அது ஓடட்டும், பெயரோடு போகலாம் என்று இருந்தேன்.

ஓடியது. ஆவடியிலும் அம்பத்தூரிலும் கேசட் கடைக்காரர்கள் எனக்கு நாற்காலி போட்டார்கள். வீட்டில் படம் பார்க்க வீடியோ டெக் வாடகைக்கு எடுக்கிறவர்கள், இரண்டு பெரிய படத்தோடு என் படத்தையும் கேட்டு வாங்கினார்கள். பாடி பஸ் ஸ்டாப்பில் முன்பின் தெரியாத ஓர் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "அந்தப் புள்ள மூஞ்சி என்னத் தூங்க உடல சார். தோ சிரிக்கப் போவுது, தோ சிரிக்கப் போவுதுன்னு பாத்துகினே கீறேன். சிரிக்கவேயில்ல சார்" என்றார். எல்லாரும் அதையேதான் சொன்னார்கள். ஊர் முழுக்கப் பயந்தது உன் உதட்டோரத்தைப் பார்த்து. எனக்குப் பெயர் வாங்கித் தந்தது நான் பறித்த அந்தச் சிரிப்புதான். உனக்கு அது வாங்கித் தந்த பெயரும் எனக்குத் தெரியும். பூந்தமல்லி பள்ளிக்கூடத்தில் பையன்கள் உன்னை 'ஏரிப் பொணம்' என்று கூப்பிட்டதை உன் மாமா வந்து சொன்னார். நான் அப்போதும், படம் அவ்வளவு தூரம் போயிருக்கிறதா என்றுதான் முதலில் நினைத்தேன். இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

அதற்கப்புறம் மாதம் ஒரு ஞாயிறு பூந்தமல்லி பஸ் ஸ்டாண்டுக்கு வருவேன். மாமா உன்னைக் கொண்டுவந்து விடுவார். புரோட்டா சாப்பிடுவோம். நீ சால்னாவைப் பார்ப்பாய், நான் உன்னைப் பார்ப்பேன். பன்னிரண்டு வயதிருக்கும் உனக்கு. கை கழுவிக்கொண்டிருந்தவன் திரும்பாமலே கேட்டாய், "எல்லாருக்கும் எடுத்தியே, எனக்கு மட்டும் ஏன்ப்பா எடுக்கல?" நாலு வருஷம் அதை மனதில் வைத்திருந்திருக்கிறாய். நான் யோசிக்கக்கூட இல்லை. "பேட்டரி பூட்ச்சுடா" என்றேன். நீ தலையை ஆட்டினாய். அம்மாவிடமும் போய் அதைத்தான் சொல்லியிருப்பாய். அவள் கரையில் நின்று எல்லாவற்றையும் கேட்டவள். என்னைக் காட்டிக்கொடுக்காமல் இத்தனை வருஷம் அந்தப் பொய்யை அப்படியே விட்டுவைத்தாள். நீ சிரிக்கட்டா என்று கேட்டபோது பேட்டரி போகவில்லை, கண்ணு. இருந்தது. நீ சிரித்தால் அந்த ஷாட் கெட்டுவிடும் என்று நானேதான் முடிவு செய்தேன். உனக்குத் தெரியாத பாதி இதுதான்.

தொண்ணூறுகளில் இன்னும் மூன்று படம் எடுத்தேன். எங்கள் பக்கத்து கேபிள்காரர், சினிமா இல்லாத மத்தியான நேரத்தில் போட்டார். ஒவ்வொன்றிலும் யாரையாவது படுக்கவைத்து, அந்த உதட்டுத் துடிப்பை வரவைக்கப் பார்த்தேன். பெரியவர்களை அடக்கிச் சிரி என்றால் மூக்கடைத்தவர்கள் மாதிரி ஆனார்கள். துண்டோடு ஓட ஆள் இல்லை. கொண்டை எந்தப் பக்கம் என்று கேட்க ஆள் இல்லாமல், ஒரே காட்சியில் பேய்க்குப் பூ இரண்டு தரம் இடம் மாறியது. கடைசிப் படத்தை வீட்டில் நான் ஒருத்தனாக உட்கார்ந்து கேபிளில் பார்த்தேன். பாதியில் மின்சாரம் போயிற்று, வந்தபோது வேறு ஏதோ ஓடிக்கொண்டிருந்தது. அப்புறம் டிஷ் வைத்து ஏகப்பட்ட சேனல் வந்துவிட்டது. கேசட் கடைகள் எஸ்டிடி பூத்தாக மாறின. நான் கல்யாண வீடியோவோடு நின்றேன். பேய்ப்படக்காரனுக்கு வெறும் வீடு என்றால் கொண்டாட்டம் என்று நினைப்பார்கள். காலி நாற்காலியையும், தானாக ஆடுகிற கதவையும் வைத்து ஊரைப் பயமுறுத்தியவன் நான். நிஜமான வெறும் வீட்டில் கதவு ஆடுவதே இல்லை. யாரும் வராததால் அது சாத்தினபடியே கிடக்கும்.

உன் முகத்தில் சிரிப்பே இல்லாமல் போனதற்கு நான்தான் காரணம் என்று ரொம்ப நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். பள்ளிக்கூட குரூப் போட்டோவில் நீ சிரிக்கவில்லை. காலேஜ் பட்டத்தோடு நின்ற போட்டோவிலும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை புரோட்டாவின்போதும் இல்லை. சாபம் மாதிரி ஏதோ ஒட்டிக்கொண்டதோ என்று, சாமியை நம்பாதவன் கவலைப்பட்டேன். போன வருஷம் மாமாவிடம் மனம் விட்டு அதைச் சொல்லியும்விட்டேன். அவர் நாற்காலியை என் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார். "மாப்ள, ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காத. அவன் ஊட்ல நல்லா சிரிச்சிகினுதான் கீறான். அவன் சிரிச்சா தெருமுனை வரிக்கும் கேக்கும். போட்டோ புடிக்க வந்தா உம்முனு ஆயிர்றான். அப்புறம் உன்னப் பாத்தா" என்றார். எனக்குச் சந்தோஷப்படுவதா அழுவதா என்று தெரியவில்லை. பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து அழுதேன் என்பதுதான் உண்மை. உன் சிரிப்பு எப்படிக் கேட்கும் என்று பூந்தமல்லியில் ஒரு தெருவுக்கே தெரியும். எனக்குத் தெரியாது.

பத்திரிகை வந்த நாலாம் நாள், உனக்கு ஏதாவது கொடுக்கலாம் என்று அலமாரியைக் குடைந்தேன். 'ஏரிக்கரைப் பிள்ளை'யின் ஒரிஜினல் கேசட் கிடைத்தது. எடிட் செய்வதற்கு முந்தினது. உள்ளே வெள்ளையாகப் பூஞ்சை. டேப்பை வெளியே எடுத்து, ஸ்பிரிட் தொட்ட துணியால் ஒரு முழம் ஒரு முழமாக இரண்டு நாள் துடைத்தேன். டெக்கில் போட்டதும் பட்டை பட்டையாகக் கோடு விழுந்தது. உன் முகம் பாதிதான் தெரிகிறது. ஆனால் குரல் கேட்கிறது. படத்தில் அந்த இடத்தில் குரலை அழித்துவிட்டு மியூசிக் போட்டிருந்தேன், அதனால் உலகத்தில் வேறு யாரும் அதைக் கேட்டதில்லை. "ப்பா, இப்ப சிரிக்கட்டா?" எட்டு வயதுக் குரல். என் குரலும் கேட்கிறது. இவ்வளவு எரிச்சலாகவா பேசினேன் என்று நானே திடுக்கிட்டேன். ரீவைண்ட் செய்து திரும்பக் கேட்டேன். டேப் தேய்ந்துவிடும் என்று தெரிந்தும் கேட்டேன். ஒவ்வொரு தடவையும் அந்த இடம் வரும்போது, டிவியைப் பார்த்து, இந்தத் தடவையாவது அந்த ஆள் சரி என்று சொல்லிவிடமாட்டானா என்று காத்திருந்தேன். அவன் சொல்வதில்லை. இத்தனை வருஷம் மற்றவர்களைப் பயமுறுத்தினேன். முதல் தடவையாக என் படத்தைப் பார்த்து எனக்குப் பயம் வந்தது.

புத்திமதி சொல்லத்தான் இந்த மாதிரிக் கடிதம் எழுதுவார்கள். என்னிடம் பெரிதாக ஒன்றும் இல்லை. வீட்டில் யாராவது உன்னிடம், இதைச் செய்யட்டா, அங்கே போகட்டா, சிரிக்கட்டா என்று கேட்டால், கையில் என்ன வேலை இருந்தாலும் தலையைத் தூக்கிப் பதில் சொல். ஒரே விஷயத்தை இரண்டாம் தடவையும் கேட்கிறார்கள் என்றால், வேலையைக் கீழே வைத்துவிடு. மூன்றாம் தடவை கேட்கமாட்டார்கள். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்தது. இதைத் தெரிந்துகொள்ள எனக்கு ஒரு குடும்பம் செலவானது.

கேமரா எடுத்து வரமாட்டேன். நீ எழுதாமல் இருந்தால், விட்டுப்போன அந்த ஷாட்டை மணமேடையில் எடுத்துவிடலாம் என்று கட்டாயம் கொண்டுவந்திருப்பேன். உன்னை மாலையும் கழுத்துமாக நிறுத்தி, இந்தப் பக்கம் பார், சிரி என்று உயிரை வாங்கியிருப்பேன். நல்லவேளை, நீ தடுத்துவிட்டாய். வெள்ளை வேட்டி, நீ போன தீபாவளிக்கு மாமாவிடம் கொடுத்தனுப்பிய சட்டை, வெறும் கை. அம்பத்தூரில் காலை முதல் பஸ் பிடித்தால் முகூர்த்தத்துக்கு வந்துவிடலாம். அம்மா பக்கத்தில் நிற்கச் சொன்னால் நிற்கிறேன். வேண்டாம் என்றால் பின்வரிசையில் உட்கார்ந்துகொள்கிறேன். இந்தக் கடிதத்தை அவளிடமும் காட்டு. டைட்டிலில் பெயர் போடாததைப் பற்றி எழுதியிருக்கிறேனே, அந்தப் பக்கத்தையாவது காட்டு.

என்னைப் பார்த்ததும் உனக்கு முகம் இறுகினால் இறுகட்டும், அதற்காகச் சங்கடப்படாதே. எனக்காக எதையும் நீ வரவழைக்கவும் வேண்டாம், அடக்கவும் வேண்டாம். நீ ஏரிக்கரையில் கேட்டதற்கு ஒரு பதில் பாக்கி இருந்தது. அதை எழுதத்தான் இத்தனை பக்கம் ஆகியிருக்கிறது.

சிரிடா கண்ணு. ஷாட் முடிஞ்சிடுச்சு, எழுந்திரு.

உன்
அப்பா